கிரேக்கத்தின் அமைதியான தீவுகளுக்கு ஒரு நாள் பாய்மரப் பயணம்: நாக்ஸோஸும் சிறு சைக்லேட்ஸும் – முழுமையான வழிகாட்டி

கிரேக்கத் தீவு என்றால் பலருக்கும் சாந்தோரினிதான். கோடையில் சூரியன் இறங்கும் நேரத்தில் அங்கே ஓயா கிராமத்தின் சந்துகளில் கால் வைக்க இடம் இருக்காது. ஆனால் அதே ஏஜியன் கடலில், சாந்தோரினிக்குச் சற்று வடக்கே, நாக்ஸோஸ், அமோர்கோஸ் என்னும் இரண்டு தீவுகளுக்கு இடைப்பட்ட நீரில் ஒரு சிறிய தீவுக் கூட்டம் இருக்கிறது. இராக்லியா, ஸ்கினூஸா, மேல் கூஃபோனிஸி, கீழ் கூஃபோனிஸி, கெரோஸ், சற்றுத் தள்ளி தொனூஸா. சாந்தோரினியும் நாக்ஸோஸும் அடங்கிய பெரிய தீவுக் கூட்டம் சைக்லேட்ஸ். அதற்குள் இவற்றை மட்டும் சேர்த்துச் சிறு சைக்லேட்ஸ் என்கிறார்கள். ஆள் வாழும் தீவுகளிலும் ஊருக்கு ஊர் சில நூறு பேர்தான். விமான நிலையம் எதிலும் இல்லை. கடல் வழியாக மட்டுமே போக முடியும் என்பதால், பாய்மரப் படகில் ஒரு பகல் பொழுது சுற்றிவர இதைவிடப் பொருத்தமான இடம் எனக்குத் தெரியாது.

ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இந்தக் கடலில் அமைதியைத் தேடிப் போகிறவர்கள் குறைவாகப் போக வேண்டும். ஒரே நாளில் நான்கு தீவு, ஐந்து தீவு காட்டுகிறோம் என்னும் பயணங்கள் வேகப் படகில் கடலைக் கிழித்துக்கொண்டு போய், ஒவ்வோர் இடத்திலும் அரை மணி நேரம் நிறுத்தி, திரும்பக் கூட்டி வந்துவிடும். ஒரு தீவு, அதிகம் போனால் இரண்டு. இந்த வழிகாட்டி முழுவதும் அந்த எண்ணத்தில்தான் எழுதப்பட்டிருக்கிறது.

முதல் படி: தூரக் கணக்கு

வாடகைக்குக் கிடைக்கும் சராசரிப் பாய்மரப் படகு நல்ல காற்றில் மணிக்கு 5 முதல் 6 கடல் மைல் போகும். ஒரு கடல் மைல் என்பது 1.852 கிலோமீட்டர். காலை 9 மணிக்குக் கிளம்பி மாலை 6 மணிக்குத் திரும்புவதாக வைத்துக்கொள்ளுங்கள். நீந்த இரண்டு நிறுத்தம், சாப்பாடு, ஒரு கிராமத்தில் சிறு நடை எல்லாம் கழித்தால் கடலில் ஓட நான்கு ஐந்து மணி நேரம் மிஞ்சும். ஆக, போக வர மொத்தம் 25 கடல் மைல்தான் ஒரு பாய்மரப் படகுக்கு நியாயமான ஒரு நாள் வேலை.

நாக்ஸோஸ் நகரத் துறைமுகத்திலிருந்து இராக்லியா ஏறத்தாழ 16 கடல் மைல். கூஃபோனிஸி 20 மைலுக்குக் குறையாது. அதாவது நாக்ஸோஸ் நகரத்தில் ஏறி, பாய் விரித்து, கூஃபோனிஸிக்குப் போய் அன்றே திரும்புவது என்பது பெரும்பாலும் பயணத்திலேயே பகலைத் தின்றுவிடும். அப்படி விளம்பரப்படுத்தப்படும் பயணங்களில் பெரும்பாலானவை இயந்திரப் படகில் நடப்பவை. அதில் தவறு ஒன்றுமில்லை. ஆனால் நீங்கள் பாய்மரப் பயணம் என்று நினைத்துப் பணம் கட்டிவிட்டு நாள் முழுக்க டீசல் சத்தம் கேட்டுக்கொண்டு வரக் கூடாது.

தீவுகளுக்குள் இருக்கும் தூரமோ மிகச் சிறியது. ஸ்கினூஸாவிலிருந்து இராக்லியாவுக்கு இரண்டு மூன்று கடல் மைல். ஸ்கினூஸாவிலிருந்து கூஃபோனிஸிக்கு ஐந்து மைல் அளவில். மேல், கீழ் கூஃபோனிஸிகளுக்கு நடுவே ஒரு குறுகிய நீரிணைதான். ஆகவே சிறு தீவுகளில் ஒன்றிலேயே தங்கி அங்கிருந்து பகல் பயணம் போவதுதான் என் தேர்வு. அதைப் பிறகு பார்ப்போம்.

இரண்டாம் படி: காற்றைப் புரிந்துகொள்வது

ஏஜியன் கடலில் கோடைக்காலத்தை ஆள்வது மெல்தெமி என்னும் வடக்குக் காற்று. பண்டைக் கிரேக்கர்கள் இதை எத்தீசியன் காற்று என்றார்கள். பால்கன் நாடுகளின் மேல் காற்றழுத்தம் உயர்ந்தும், துருக்கிப் பக்கம் தாழ்ந்தும் இருப்பதால் இடைப்பட்ட கடலில் வடக்கிலிருந்து காற்று பாய்கிறது. அந்தத் தாழ்வு தனியானது அல்ல. வடமேற்கு இந்தியாவில் தொடங்கி மேற்காசியா வழியாக நீளும் கோடை வெப்பத் தாழ்வின் மேற்கு முனை அது. நமக்குத் தென்மேற்குப் பருவக்காற்றை இழுத்து வரும் அதே தாழ்வு நாக்ஸோஸில் வாடையாக வீசுகிறது. ஜூன் பாதிக்குப் பிறகு கேரளத்தில் மழை வலுக்கும்போது ஏஜியனில் மெல்தெமியும் மெல்ல எழத் தொடங்குவதற்கு இந்தத் தொடர்பும் ஒரு காரணம்.

மெல்தெமி வரும்போது வானம் கறுக்காது, மேகம் கூடாது, மழை பெய்யாது. வானம் பளிச்சென்று நீலமாக இருக்கும்போதே கடல் நுரைத்துக்கொண்டிருக்கும். மழைமேகத்தைப் பார்த்துக் கடலைக் கணிக்கப் பழகிய நமக்கு இது புதிது. வெயில் அடிக்கிறதே, ஏன் படகு போகவில்லை என்று துறைமுகத்தில் வாக்குவாதம் செய்யும் பயணிகளைப் பார்க்கலாம். பொதுவாக இரவில் தணிந்து, முற்பகலில் எழுந்து, பிற்பகலில் உச்சத்துக்குப் போகும். ஒருமுறை பிடித்தால் மூன்று நாளும் வீசும், ஒரு வாரத்துக்கு மேலும் வீசும்.

கிரேக்கர்கள் காற்றைக் கிலோமீட்டரில் சொல்ல மாட்டார்கள். காற்றின் பலத்தை 0 முதல் 12 வரை அளக்கும் பெபோர்ட் எண்ணில்தான் சொல்வார்கள். இதை நீங்களும் பழகிக்கொள்ளுங்கள். 3 பெபோர்ட் என்றால் மென்காற்று, குழந்தைகளோடு போக ஏற்றது. 4 என்பது மணிக்கு 11 முதல் 16 கடல் மைல் வேகம். பாய்மரப் பயணத்துக்கு அருமையான காற்று அதுதான். 5 என்பது 17 முதல் 21. பழகியவர்களுக்கு மகிழ்ச்சி, முதல்முறை ஏறுபவர்களுக்குச் சற்றுக் கலக்கம். 6 ஆனால், அதாவது 22 கடல் மைலைத் தாண்டினால், பகல் சுற்றுலாவுக்கு அது உகந்த நாள் அல்ல. சிறிய சுற்றுலாப் படகுகளுக்குத் துறைமுக அதிகாரிகள் தடை விதிப்பதும் பொதுவாக இந்த அளவிலிருந்துதான். 8 பெபோர்ட்டுக்கு மேல் போனால் பெரிய கப்பல்களே நின்றுவிடும்.

திசையையும் சேர்த்துப் பாருங்கள். சிறு சைக்லேட்ஸ் நாக்ஸோஸுக்குத் தெற்கிலும் தென்கிழக்கிலும் இருக்கிறது. வடகாற்றில் நாக்ஸோஸிலிருந்து போகும்போது காற்று முதுகில் இருக்கும். படகு வழுக்கிக்கொண்டு போகும், கடலே அமைதியாக இருப்பதுபோலத் தோன்றும். திரும்பும்போது அதே காற்று முகத்துக்கு நேரே. பாய்மரம் காற்றுக்கு நேர் எதிராக ஓட முடியாது. இடமும் வலமுமாகச் சாய்ந்து சாய்ந்துதான் ஏற வேண்டும். 16 மைல் தூரம் 22 மைலுக்கு மேல் ஆகிவிடும். அதுவும் காற்று உச்சத்தில் இருக்கும் பிற்பகலில், அலை படகின் முன்முனையில் மோதித் தெறிக்க, எல்லோரும் களைத்திருக்கும் நேரத்தில். காலையில் சுகமாகப் போனதை வைத்து மாலையை எடை போடாதீர்கள். ஒரு நல்ல கேப்டன் காலையிலேயே திரும்பும் வழியைப் பற்றித்தான் யோசித்துக்கொண்டிருப்பார்.

மூன்றாம் படி: மாதம்

மே இறுதி முதல் ஜூன் வரை, அல்லது செப்டம்பர். இதற்கு மேல் அதிகம் யோசிக்க வேண்டியதில்லை. மே மாதத்தில் கடல் நீர் 19 பாகை அளவில் இருக்கும். நம் ஊர்க் கடலில் குளித்துப் பழகியவர்களுக்கு அது குளிர்தான். செப்டம்பரில் 24 வரை இருக்கும், காற்றும் தணியத் தொடங்கியிருக்கும். ஆகவே நீந்த விரும்புபவர்கள் செப்டம்பரையும், காட்டுப்பூவும் பச்சையும் மிச்சம் இருக்கும்போதே தீவுகளைப் பார்க்க விரும்புபவர்கள் மே மாதத்தையும் தேர்ந்தெடுங்கள்.

ஜூலை, ஆகஸ்டைத் தவிர்க்க முடிந்தால் தவிர்த்துவிடுங்கள். காற்றும் உச்சம், கூட்டமும் உச்சம். குறிப்பாக ஆகஸ்ட் 15, மாதாவின் விண்ணேற்புத் திருநாள், கிரேக்கத்தில் ஈஸ்டருக்கு அடுத்த பெரிய விழா. ஏதென்ஸ்காரர்கள் தங்கள் தீவுகளுக்குத் திரும்பும் வாரம் அது. கூஃபோனிஸி அந்த வாரங்களில் அமைதியான தீவே அல்ல. விழாவைப் பார்க்கத்தான் போகிறேன் என்றால் அது வேறு, தாராளமாகப் போங்கள். ஆனால் அறை பல மாதங்களுக்கு முன்பே எடுத்திருக்க வேண்டும்.

நான்காம் படி: எங்கே தங்குவது

இந்திய, இலங்கைக் கடவுச்சீட்டு வைத்திருப்பவர்களுக்கு ஷெங்கன் விசா வேண்டும். பயண நாளுக்கு ஆறு மாதம் முன்பிருந்தே விண்ணப்பிக்கலாம். குறைந்தது 30,000 யூரோ மதிப்புள்ள மருத்துவக் காப்பீடு கட்டாயம். அந்தக் காப்பீட்டில் கடல் விளையாட்டுகள் விலக்கப்பட்டிருக்கின்றனவா என்று சிறிய எழுத்துகளையும் படித்துவிடுங்கள்.

ஏதென்ஸின் பிரேயஸ் துறைமுகத்திலிருந்து நாக்ஸோஸுக்குப் பெரிய கப்பலில் ஐந்து மணி நேரத்துக்குச் சற்று மேல் ஆகும். வேகக் கப்பல்களும் உண்டு, சிறு விமானங்களும் உண்டு. பெரிய கப்பல்தான் என் பரிந்துரை. ஆட்டம் குறைவு, மேல்தளத்தில் நின்று தீவுகள் ஒவ்வொன்றாக எழுந்து வருவதைப் பார்க்கலாம். நாக்ஸோஸ் துறைமுகத்தில் நுழையும்போது இடதுபுறம் ஒரு குன்றின் மேல் தனியாக நிற்கும் பெரிய பளிங்கு வாயில்தான் போர்த்தாரா. பொது ஆண்டுக்கு முன் 530 வாக்கில் தொடங்கி முடிக்கப்படாமல் போன அப்பல்லோ கோவிலின் வாசல் அது.

தங்குவதற்கு இரண்டு வழி. நாக்ஸோஸிலேயே தங்கினால் வசதி அதிகம். மருத்துவமனை, கடைகள், பலவகைப் படகுகள் எல்லாம் உண்டு. அங்கிருந்து பாய்மரத்தில் ஒரு நாள் என்றால் நாக்ஸோஸின் தென்கிழக்குக் கரையில் இருக்கும் ரீனா குகை, அல்லது இராக்லியாவின் ஒரு விரிகுடா என்று ஒன்றை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள். இராக்லியா என்றால் போக வர 32 மைல் ஆகும் என்பதால் நிறுத்தங்களைக் குறைத்துக்கொள்ள வேண்டியிருக்கும். காற்று ஒத்துழைக்காத நாளில் மேற்கே பாரோஸ் பக்கம் போகும் கேப்டன்களும் உண்டு.

இரண்டாவது வழி, ஸ்கினூஸாவிலோ கூஃபோனிஸியிலோ மூன்று நான்கு இரவு தங்குவது. நாக்ஸோஸிலிருந்து எக்ஸ்பிரஸ் ஸ்கோபெலிட்டிஸ் என்னும் சிறிய கப்பல் இந்தத் தீவுகளுக்கெல்லாம் போய் அமோர்கோஸில் முடியும். காய்கறி, மருந்து, தபால், பள்ளிக்கூட ஆசிரியர் என்று தீவுகளின் வாழ்வையே சுமந்து போகும் கப்பல் அது. வழக்கமாக நாக்ஸோஸிலிருந்து பிற்பகலில் கிளம்பும், மறுநாள் காலைதான் திரும்பும். அதனால் அதை வைத்து நாக்ஸோஸிலிருந்து போய் அன்றே திரும்பத் திட்டமிட முடியாது. சிறிய கப்பல் என்பதால் காற்று நாளில் நன்றாகவே ஆடும். இதையும் எதிர்பார்த்து ஏறுங்கள்.

எந்தத் தீவு? கூஃபோனிஸியின் நீர் நிறத்துக்கு ஈடில்லை. படகுப் பயணங்களும் அங்கேதான் அதிகம் கிடைக்கும். ஆனால் உண்மையான அமைதி ஸ்கினூஸாவிலும் இராக்லியாவிலும்தான் இருக்கிறது. ஸ்கினூஸாவின் மெர்சினி துறை தென்மேற்கு நோக்கி மலை மறைவில் இருப்பதால் வடகாற்றிலும் படகுகள் நிம்மதியாக நிற்கும். கேப்டன்கள் அதை விரும்புவதன் காரணம் அதுதான்.

சைக்லேட்ஸ் வரை போக நாளில்லை என்பவர்களுக்கு ஏதென்ஸுக்கு எதிரே இருக்கும் சரோனிக் வளைகுடா இருக்கிறது. அங்கே மெல்தெமியின் வேகம் குறைவு. பைன் மரங்கள் நிறைந்த அகிஸ்த்ரி, அதன் பக்கத்தில் ஏஜினா தீவை ஒட்டிய மோனி என்னும் ஆளில்லாத் தீவு ஆகியவை ஒரு நாளுக்குப் போதும். மோனியில் மான்களும் மயில்களும் திரியும். கடற்கரையில் மயிலைப் பார்ப்பது நமக்குத் தனி மகிழ்ச்சி.

ஐந்தாம் படி: படகும் கேப்டனும்

மூன்று வகையில் படகு கிடைக்கும். கேப்டனோடு பலர் பகிர்ந்துகொள்ளும் பயணம், கேப்டனோடு தனிப் படகு, படகை மட்டும் வாடகைக்கு எடுப்பது. மூன்றாவதற்குக் கிரேக்க அதிகாரிகள் ஏற்கும் பாய்மர உரிமமும், உதவிக்குத் தேர்ச்சியுள்ள இன்னொருவரும் வேண்டும். உரிமம் இல்லாதவர்களுக்கு 30 குதிரைத் திறன் வரையுள்ள சிறு மோட்டார் படகுகளை வாடகைக்குத் தருவார்கள். கரையோரமாக ஒரு கடற்கரையிலிருந்து அடுத்ததற்குப் போக அது சரி. தீவு விட்டுத் தீவு தாண்ட அதில் கிளம்ப வேண்டாம்.

பகிர்வுப் பயணம் ஆளுக்குச் சுமார் 100 யூரோவில் தொடங்கும். பருவத்தையும் படகையும் பொறுத்து ஏறும். ஆறேழு பேர் கொண்ட குடும்பமாகப் போனால் தனிப் படகின் கணக்கையும் கேட்டுப் பாருங்கள். வயதானவர்களோ குழந்தைகளோ இருந்தால் நினைத்த இடத்தில் நிற்கவும் நினைத்த நேரத்தில் திரும்பவும் முடிவது பெரிய நிம்மதி.

ஒற்றை உடல் படகு காற்றில் ஒரு பக்கம் சாயும். அந்தச் சாய்வில்தான் பாய்மரப் பயணத்தின் உயிரே இருக்கிறது. இரட்டை உடல் படகான கேட்டமரான் சாயாது, நிழலும் இடமும் அதிகம், ஏறி இறங்குவது எளிது. மூட்டுவலி உள்ள பெற்றோரை அழைத்துப் போகிறீர்கள் என்றால் கேட்டமரானைத் தயங்காமல் எடுங்கள்.

பணம் கட்டும் முன் சில கேள்விகளை எழுத்திலேயே கேட்டுவிடுங்கள். அதிகபட்சம் எத்தனை பேரை ஏற்றுவீர்கள்? பத்துப் பன்னிரண்டு பேருக்கு மேல் என்றால் நான் யோசிப்பேன். பாய் விரித்து ஓடும் நேரம் சராசரியாக எவ்வளவு? காற்று பலமாக இருந்தால் வழியை மாற்றுவீர்களா, ரத்து செய்வீர்களா, ரத்தானால் முழுப் பணமும் திரும்ப வருமா? குழந்தை அளவில் உயிர்காப்பு உடை இருக்கிறதா? இவற்றுக்கெல்லாம் தெளிவாகப் பதில் சொல்பவரோடு போங்கள். எந்தக் காற்றிலும் போவோம், எல்லா இடமும் காட்டுவோம் என்று உறுதி தருபவரை விட்டுவிடுங்கள். இந்தக் கடலை அறிந்த யாரும் அப்படி உறுதி தர மாட்டார்கள்.

ஆறாம் படி: முந்தின நாள்

கிரேக்க தேசிய வானிலைச் சேவையின் கடல் முன்னறிவிப்பையும், கிரேக்கக் கடலாய்வு மையம் நடத்தும் பொசைடன் முன்னறிவிப்பையும் மூன்று நாள் முன்பிருந்தே பாருங்கள். அதில் சராசரிக் காற்றைவிடத் திடீர் வீச்சின் வேகம் எவ்வளவு என்பதைக் கவனியுங்கள். உயரமான தீவுகளின் மறைவில் கடல் தட்டையாக இருந்தாலும், மலையிலிருந்து திடீரென்று காற்று கீழே பாயும். ஆயிரம் மீட்டர் உயரமுள்ள ஸாஸ் மலை நிற்கும் நாக்ஸோஸின் தெற்கிலும், அமோர்கோஸின் தென்கரையிலும் இது நன்றாகத் தெரியும்.

பையைப் பற்றிச் சுருக்கமாக: சக்கரப் பெட்டி வேண்டாம், மென்மையான பை. மாற்றுடை, துண்டு, கழுத்தில் கட்டும் நாடா வைத்த தொப்பி, முழுக்கை மெல்லிய சட்டை, காற்றைத் தடுக்கும் மேலாடை, பாறைக் கரையில் முள்ளெலி போன்ற கடல் முள்ளிகளை மிதிக்காமலிருக்க ரப்பர் காலணி. வெயில் காற்றில் தெரியாது, மாலையில்தான் தோல் எரியும். நம் நிறத்துக்கு வெயில் ஒன்றும் செய்யாது என்று நினைக்காமல் வெயில் தடுப்புக் களிம்பைப் பூசிக்கொள்ளுங்கள். கையில் கொஞ்சம் பணமும் இருக்கட்டும், சிறு தீவுகளில் எப்போதும் அட்டை வேலை செய்யும் என்று எண்ண வேண்டாம்.

குமட்டலுக்கு மாத்திரை எடுப்பதென்றால் ஏறுவதற்கு அரை மணி, ஒரு மணி நேரம் முன்பே எடுக்க வேண்டும். குமட்டத் தொடங்கியபின் எடுத்துப் பயனில்லை. எந்த மாத்திரை என்பதை ஊரிலேயே மருத்துவரிடம் கேட்டு வாங்கி வாருங்கள். காலையில் வெறும் வயிற்றோடும் ஏறக் கூடாது, வயிறு முட்டவும் கூடாது.

ஏழாம் படி: படகில்

ஏறும்போது காலணியைக் கழற்றிக் கூடையில் போடச் சொல்வார்கள். பிறகு கேப்டன் பாதுகாப்பு பற்றிப் பேசுவார். அந்தச் சில நிமிடங்கள் படம் எடுப்பதை நிறுத்திவிட்டுக் கேளுங்கள். பாய் திசை மாறும்போது அதன் அடியில் இருக்கும் கிடைமரம் வேகமாகக் குறுக்கே வரும். தலை அங்கே இருக்கக் கூடாது. கயிறு சுற்றும் உருளைகளில் விரல் வைக்கக் கூடாது. கழிப்பறையில் காகிதம் உட்பட எதையும் போடக் கூடாது, குழாய் அடைத்துக்கொண்டால் எல்லோருடைய நாளும் கெடும். நன்னீர் தொட்டியில் அளவாகவே இருக்கும்.

அவசரத்துக்கு: கிரேக்கக் கடலோரக் காவல் எண் 108, பொது அவசர எண் 112. படகின் வானொலியில் 16-ஆம் அலைவரிசை. கேப்டனுக்கே ஏதாவது ஆனால் யார் வானொலியை எடுப்பது என்று கேட்டு வைத்துக்கொள்வதில் தவறில்லை. நல்ல கேப்டன்கள் அந்தக் கேள்வியை மதிப்பார்கள்.

தலை சுற்றுவதுபோல் இருந்தால் உள்ளறைக்குள் போகாதீர்கள். பின்பக்கம் அமர்ந்து தொடுவானத்தைப் பாருங்கள். அனுமதி கேட்டுச் சுக்கானைக் கையில் பிடித்தால் இன்னும் நல்லது, கண்ணும் உடலும் ஒன்றாக வேலை செய்யும்போது குமட்டல் விலகும்.

நீந்தத் தெரியாதவர்களுக்கு ஒரு வார்த்தை. நம்மில் பலருக்கும் நீச்சல் தெரியாது, அதற்காக இந்தப் பயணத்தைத் தவற விட வேண்டியதில்லை. தெரியாது என்பதை ஏறும்போதே கேப்டனிடம் சொல்லிவிடுங்கள், கூச்சம் வேண்டாம். உயிர்காப்பு உடையோடு, படகின் ஏணியைப் பிடித்தபடி, கயிறு கட்டிய மிதவையோடு நீரில் இறங்கலாம். ஏஜியன் கடலில் உப்பு அதிகம், உடல் எளிதாக மிதக்கும். ஆனால் தெளிந்த நீர் கண்ணை ஏமாற்றும். தொட்டுவிடலாம் போலத் தெரியும் தரை எட்டு மீட்டர் ஆழத்தில் இருக்கும்.

எட்டாம் படி: வழி

கூஃபோனிஸியிலோ ஸ்கினூஸாவிலோ தங்கியிருக்கிறீர்கள், காற்று வடக்கிலிருந்து 4 என்று வைத்துக்கொண்டு ஒரு நாளைச் சொல்கிறேன்.

காலையில் இராக்லியா. அதன் அலிமியா விரிகுடாவில், ஏறத்தாழ பத்து மீட்டர் ஆழத்தில், இரண்டாம் உலகப் போரில் விழுந்த ஜெர்மானியக் கடல் விமானம் ஒன்று கிடக்கிறது. காலை வெளிச்சம் நேராக விழும்போது முகமூடி அணிந்து மேலே மிதந்தபடியே அதன் இறக்கை வடிவத்தைப் பார்க்கலாம். மூழ்கித் தொட முயல வேண்டாம். தீவின் உள்ளே மலையேறிப் போனால் புனித யோவான் குகை இருக்கிறது. ஆகஸ்ட் 28 இரவு அங்கே மெழுகுவத்தி ஏந்தி வழிபாடு நடக்கும். பகல் பயணத்தில் அதற்கு நேரம் கிடைக்காது, குகை வேண்டும் என்றால் இராக்லியாவில் ஓர் இரவு தங்குங்கள்.

பிறகு மறைவான ஒரு விரிகுடாவில் சாப்பாடு. பிற்பகலில் கூஃபோனிஸிப் பக்கம். மேல் கூஃபோனிஸியின் தென்கரையில் அம்மோஸ், ஃபினிகாஸ், ஃபானோஸ், இத்தாலிதா என்று கடற்கரைகள் வரிசையாக, வடகாற்று படாமல் இருக்கின்றன. கிழக்கே போனால் அலை குடைந்த பாறைக் குளங்களும், முடிவில் பிறை வடிவப் போரி கடற்கரையும். கீழ் கூஃபோனிஸியில் நிலையாக வாழ்பவர்கள் அநேகமாக யாருமில்லை. ஒரு தவெர்னா என்னும் சிறு உணவகம், ஒரு மாதா கோவில், ஆடுகள். இறங்கி நடக்க எனக்குப் பிடித்தது இதுதான்.

இவ்வளவு நேரமும் தென்கிழக்கே ஒரு பெரிய மலைத்தீவு கண்ணில் பட்டுக்கொண்டே இருக்கும். அதுதான் கெரோஸ். அதில் இறங்க அனுமதி கிடையாது, அது பாதுகாக்கப்பட்ட தொல்லியல் களம். இறங்காமலே அதை ஒட்டிப் போவதுதான் இந்தப் பயணத்தின் முக்கியப் பகுதி என்பேன். பொது ஆண்டுக்கு முன் மூன்றாம் ஆயிரம் ஆண்டில், சைக்லேட்ஸ் தீவுகள் பலவற்றிலிருந்தும் மக்கள் பளிங்குப் பதுமைகளையும் பாத்திரங்களையும் இங்கே கொண்டுவந்து புதைத்தார்கள். முழுதாக அல்ல, உடைத்து. அதுவும் இங்கே உடைக்கவில்லை. தங்கள் ஊரில் உடைத்து, ஒவ்வொன்றிலும் ஒரு துண்டை மட்டும் கடல் தாண்டி எடுத்து வந்திருக்கிறார்கள். அதனால்தான் கிடைத்த துண்டுகள் ஒன்றோடொன்று பொருந்தவில்லை. பிரிட்டிஷ் தொல்லியலாளர் காலின் ரென்ஃப்ரூ தலைமையில் 2006 முதல் 2008 வரை நடந்த அகழாய்வு இதை நிறுவியது. அதற்கு வெகுகாலம் முன்பே, 1950களிலும் 60களிலும், திருடர்கள் தோண்டி எடுத்த ஏராளமான துண்டுகள் வெளிநாட்டுச் சந்தைகளுக்குப் போய்விட்டன.

கெரோஸின் மேற்கு முனையில் கூம்பாக நிற்கும் சிறு தீவு தஸ்காலியோ. அன்று கடல்மட்டம் தாழ்வாக இருந்ததால் அது கெரோஸோடு ஒட்டியிருந்தது. அந்தக் கூம்பு முழுவதும் அடுக்கடுக்காகத் தளம் அமைத்துக் கட்டிடம் எழுப்பியிருந்தார்கள். படிக்கட்டுகள், வடிகால்கள், உலோகம் உருக்கிய பட்டறைகள் எல்லாம் பின்னர் நடந்த அகழாய்வில் வெளிவந்தன. கட்டிடக் கல் உள்ளூர்க் கல் அல்ல. நாக்ஸோஸிலிருந்து ஏறத்தாழ பத்துக் கிலோமீட்டர் கடல் தாண்டி, ஆயிரக்கணக்கான டன் பளிங்கைப் படகில் ஏற்றி வந்திருக்கிறார்கள். அப்போது ஏஜியனில் பாய் பழக்கத்துக்கு வந்ததற்குச் சான்றில்லை, துடுப்புதான். நீங்கள் பாயில் சுகமாகக் கடக்கும் அதே நீரை அவர்கள் தோளால் கடந்திருக்கிறார்கள். ஏதென்ஸ் தேசியத் தொல்லியல் அருங்காட்சியகத்தில் இருக்கும் யாழிசைப்பவனின் பளிங்குச் சிலையும் இரட்டைக்குழல் ஊதுபவனின் சிலையும் கெரோஸில் கிடைத்தவை. பயணத்துக்கு முன் அவற்றைப் பார்த்துவிட்டு வாருங்கள், இந்த மலை வேறு மாதிரி தெரியும்.

சாப்பாடு

பகிர்வுப் பயணங்களில் மதிய உணவு படகிலேயே கிடைக்கும். பெரும்பாலும் பாஸ்தா, சாலட், பழம். சைவம் என்றால் முன்பதிவின்போதே சொல்லிவிடுங்கள். கரையில் சாப்பிட்டால் கவலையே இல்லை. ஸ்கினூஸாவின் ஃபாவா பெயர் பெற்றது. மஞ்சள் பருப்பை மசித்து ஆலிவ் எண்ணெய், வெங்காயம் சேர்த்துத் தருவார்கள், பருப்பு மசியலே தான். பெரிய வெள்ளை மொச்சையைத் தக்காளியில் வேகவைத்த கிகாண்டெஸ், காய்கறிகளை எண்ணெயில் வாட்டிய பிரியாம், அவித்த கீரையான ஹோர்தா, நாக்ஸோஸ் உருளைக்கிழங்கு, அந்தத் தீவின் கிராவியேரா பாலாடைக்கட்டி. தக்காளிக்குள் அரிசி அடைத்த கெமிஸ்தாவில் சில இடங்களில் கொத்துக்கறி சேர்ப்பார்கள், கேட்டுவிட்டுச் சாப்பிடுங்கள். நிஸ்தீசிமா என்றால் விரத உணவு, இறைச்சியும் பாலும் இல்லாதது. ஆனால் அதில் கணவாயும் சிப்பியும் வரலாம்.

மீன் சாப்பிடுபவர்கள் கூஃபோனிஸியில் தயக்கமின்றி உட்காரலாம், அது மீனவர் தீவு. மீனை எடை போட்டு விலை சொல்வார்கள். சமைக்கும் முன் எடையையும் விலையையும் கேட்டுக்கொள்வது அங்கே இயல்பான வழக்கம்தான்.

அந்தக் கடலைக் கெடுக்காமல் வருவது

இந்தத் தீவுகளின் நீர் அவ்வளவு தெளிவாக இருப்பதில் கடலடியில் வளரும் பொசிடோனியா என்னும் கடற்புல்லுக்குப் பங்குண்டு. மீன்குஞ்சுகளின் வீடும் அதுதான். நங்கூரச் சங்கிலி ஒருமுறை உழுதுவிட்டுப் போனால் அது மீண்டும் வளர்ந்து மூடப் பல பத்தாண்டுகள் ஆகலாம். மேலிருந்து பார்த்தால் வெளிர் நீலம் மணல், கருநீலத் திட்டு புல். மணலில்தான் நங்கூரம் போடுவீர்களா என்று கேப்டனிடம் கேளுங்கள். பயணிகள் கேட்கக் கேட்கத்தான் இந்த வழக்கம் பரவும்.

கடற்குகைகளில் மத்தியதரைக் கடலின் துறவிச் சீல்கள் ஒதுங்கும். உலகின் மிக அரிய கடற்பாலூட்டிகளில் ஒன்று அது. குகைக்குள் சீலைக் கண்டால் உள்ளே போகாமல், விளக்கடிக்காமல் விலகிவிடுங்கள். எந்தத் தீவிலும் பானை ஓட்டையோ பளிங்குத் துண்டையோ பொறுக்கிப் பையில் போடக் கூடாது. கிரேக்கச் சட்டப்படி அது குற்றம். கெரோஸுக்கு என்ன நடந்தது என்று தெரிந்த பிறகு அதற்கு மனமும் வராது. பிற்பகல் மூன்று முதல் ஐந்து வரை கிராமங்கள் ஓய்வெடுக்கும் நேரம், அப்போது சந்துகளில் குரலைத் தாழ்த்துங்கள். தீவுகளில் நன்னீர் அரிது என்பதால் அறைக்குத் திரும்பியபின் குளியலையும் சுருக்கிக்கொள்ளுங்கள்.

திரும்பும் நாள்

படகுப் பயணத்தைத் தங்கும் நாட்களின் கடைசியில் வைக்காதீர்கள், முதல் நாளுக்கே பதிவு செய்யுங்கள். காற்று எழுந்து ரத்தானால் மறுநாளோ அதற்கு அடுத்த நாளோ மாற்றிக்கொள்ள இடமிருக்கும். தீவிலிருந்து ஏதென்ஸ் திரும்பும் நாளுக்கும் ஊருக்கு விமானம் ஏறும் நாளுக்கும் இடையில் ஒரு முழு நாள் விடுங்கள், ஜூலை ஆகஸ்டில் இரண்டு நாள். கப்பல் தடை அறிவிக்கப்பட்டால் வாங்கிய டிக்கெட்டை அடுத்த கப்பலுக்கு மாற்றித் தருவார்கள் அல்லது பணத்தைத் திருப்பித் தருவார்கள், ஆனால் நீங்கள் தவறவிடும் விமானத்துக்கு யாரும் பொறுப்பேற்க மாட்டார்கள். அந்த இடைநாளை ஏதென்ஸில் கழிக்க நேர்ந்தால், காலையிலேயே தேசியத் தொல்லியல் அருங்காட்சியகத்துக்குப் போய் சைக்லேட்ஸ் கூடத்தில் தொடங்குங்கள். பத்து மணிக்கு மேல் பெரிய குழுக்கள் வந்துவிடும்.